தனிமனிதன், அரசு, நடுவில் நின்ற சங்கங்கள்

பிரெஞ்சுப் புரட்சியின் நடுவே, 1791 ஜூன் 14 அன்று பாரிஸில் கூடிய தேசிய அரசியலமைப்பு மன்றம், லெ ஷாப்பலியே என்ற வழக்கறிஞர் முன்மொழிந்த சட்டம் ஒன்றை நிறைவேற்றியது. அந்த ஆண்டின் வசந்த காலத்தில் நகரத்துத் தச்சர்கள் ஒன்றுகூடிக் கூலி உயர்வு கேட்டிருந்தார்கள். அதற்கான பதிலடியாகத்தான் சட்டம் வந்தது. ஒரே தொழிலைச் செய்பவர்கள், முதலாளிகளானாலும் தொழிலாளர்களானாலும், தங்கள் 'பொது நலன்' என்ற பெயரில் கூடக் கூடாது, தலைவரைத் தேர்ந்தெடுக்கக் கூடாது, தீர்மானம் போடக் கூடாது என்றது அது. லெ ஷாப்பலியே சொன்ன காரணம் எளிமையானது. இனி நாட்டுக்குள் எந்தக் கூட்டமைப்பும் கிடையாது. ஒவ்வொரு தனிமனிதனின் தனி நலனும், எல்லோருக்குமான பொது நலனும் மட்டுமே உண்டு.

இது தனிமனிதனே அடிப்படை என்னும் தனிமனிதவாதமா, கூட்டமே முதன்மை என்னும் கூட்டுவாதமா? தனிமனிதனைத் தவிர வேறு எந்த அலகையும் ஏற்காததால் முன்னது என்று சொல்லலாம். தச்சர்களுக்குள் பொதுவானது எது என்று தீர்மானிக்கும் உரிமையை அவர்களிடமிருந்து பிடுங்கித் தேசத்தின் கையில் கொடுத்ததால் பின்னது என்றும் சொல்லலாம். இரண்டு விடையும் சரி என்பதுதான் சிக்கல். பிரான்ஸில் வேலைநிறுத்தம் குற்றமல்ல என்று ஆவதற்கு 1864 வரையும், தொழிற்சங்கம் சட்டப்படி இயங்குவதற்கு 1884 வரையும் காத்திருக்க வேண்டியிருந்தது.

பாடநூல்கள் நவீன அரசியல் சிந்தனையை இரண்டு அணிகளாகப் பிரித்துக் காட்டும். ஒரு பக்கம் லாக், மில், ஸ்பென்சர், ஹயேக். மறுபக்கம் ரூசோ, மார்க்ஸ், லெனின். தேர்வு எழுத வசதியான பட்டியல்தான். ஆனால் இவர்கள் எழுதியதைப் படிக்கத் தொடங்கியதுமே அணிகள் கலைந்துவிடுகின்றன. தனிமனிதனிலிருந்து தொடங்கியவர் சர்வாதிகாரத்தில் போய் முடிகிறார். கூட்டுடைமை கேட்டவர் தனிமனித மலர்ச்சியே தன் இலக்கு என்கிறார். இந்தக் குழப்பத்துக்குக் காரணம் மூன்றாவது தரப்பு ஒன்றை நாம் மறந்துவிடுவது என்று நினைக்கிறேன். தனிமனிதனுக்கும் அரசுக்கும் நடுவே நிற்கும் தொழிற்சங்கம், சமயக் குழு, கிராமக் கூட்டமைப்பு, குடும்பம் ஆகியவையே அந்தத் தரப்பு. முந்நூறு ஆண்டு வாதத்தில் பெரும்பகுதி, இவற்றை என்ன செய்வது என்பதைப் பற்றியது.

குடலில் நெளியும் புழுக்கள்

உள்நாட்டுப் போரில் சிதைந்துகிடந்த இங்கிலாந்தை மனத்தில் வைத்து தாமஸ் ஹாப்ஸ் எழுதிய 'லெவியதன்' 1651இல் வெளிவந்தது. அதன் முகப்புப் படம் புகழ்பெற்றது. மலைகளுக்கு மேலே எழுந்து நிற்கும் அரசனின் உடல், நூற்றுக்கணக்கான சிறு மனித உருவங்களால் ஆனது. குலம், கோவில், தொழில் என்ற எந்த அடையாளமும் இல்லாத தனி மனிதர்களை எடுத்துக்கொண்டு, அவர்கள் ஒவ்வொருவரும் அச்சத்தின் காரணமாகத் தன் அதிகாரத்தை ஒரே ஆளுக்கோ அவைக்கோ ஒப்படைப்பதாக ஹாப்ஸ் தன் வாதத்தைக் கட்டினார். தொடக்கம் தூய தனிமனிதவாதம். முடிவு எல்லையற்ற இறையாண்மை. நடுவில் இருக்கும் நகரக் கூட்டமைப்புகளை அவர் பெரிய அரசின் வயிற்றுக்குள் இருக்கும் சிறு அரசுகள் என்றார். மனிதக் குடலில் இருக்கும் புழுக்களுக்கு ஒப்பிட்டார். இதைப் படித்தபின் அந்த முகப்புப் படத்தை இன்னொரு முறை பார்க்க வேண்டும். அதில் மனிதர்கள் இருக்கிறார்கள், அரசன் இருக்கிறான், வேறு எதுவும் அந்த உடலில் இல்லை.

ஜான் லாக் அதே தனி மனிதர்களிலிருந்து தொடங்கி, வரம்புக்குட்பட்ட, ஒப்புதலால் நடக்கும் ஆட்சிக்கு வந்து சேர்ந்தார். ஆகவே தொடக்கப்புள்ளியை வைத்து முடிவை ஊகிக்க முடியாது.

ரூசோவின் கதை இதைவிட விநோதமானது. கூட்டுவாதத்தின் தந்தை என்று எதிரிகள் சுட்டுவது அவரைத்தான். பொதுச் சித்தத்துக்கு, அதாவது பொது நலனை நாடும் மக்களின் ஒட்டுமொத்த விருப்பத்துக்கு, கீழ்ப்படிய மறுப்பவன் 'சுதந்திரமாக இருக்கும்படி கட்டாயப்படுத்தப்படுவான்' என்று 1762இல் எழுதிய வரி அவரை இன்றுவரை துரத்துகிறது. ஆனால் அந்தப் பொதுச் சித்தம் எப்படி உருவாகிறது என்று அவர் விளக்கும் இடத்தைப் பாருங்கள். போதிய தகவல் பெற்ற மக்கள் முடிவெடுக்கும்போது, குடிமக்கள் தங்களுக்குள் பேசி வைத்துக்கொள்ளக் கூடாது. நாட்டுக்குள் பகுதிச் சங்கங்கள் இருக்கக் கூடாது. ஒவ்வொருவனும் தன் சொந்தக் கருத்தையே சொல்ல வேண்டும் என்கிறார். தவிர்க்க முடியாமல் சங்கங்கள் இருந்துவிட்டால், அவற்றின் எண்ணிக்கையைப் பெருக்கிவிட வேண்டுமாம். ஆக, ரூசோவின் கூட்டு ஒருவரோடு ஒருவர் கலந்து பேசாத தனியர்களால் ஆனது. லெ ஷாப்பலியேவின் சட்டம் இந்தச் சிந்தனை உலவிய காற்றில்தான் பிறந்தது.

இதைக் கேலியாகச் சொல்லிக் கடந்துவிட முடியாது. பழைய கைவினைச் சங்கங்கள் அன்பு இல்லங்கள் அல்ல. தொழிலில் யார் நுழையலாம் என்பதை மூத்த கைவினைஞர்கள் கட்டுப்படுத்தினார்கள். கூலிக்கு வேலை செய்தவன் வாழ்நாள் முழுவதும் கூலிக்காரனாகவே இருக்க நேர்ந்தது. பிறப்பால் வந்த தளைகளை அறுக்க, தனிமனிதன் என்ற கருத்து கூர்மையான கத்தியாக இருந்தது. ஆனால் அதே கத்தி எதைக் கேட்டது என்பதையும் கவனிக்க வேண்டும். 1789 டிசம்பரில் யூதர்களின் குடியுரிமை பற்றிய விவாதத்தில் கிளர்மோன்-தொன்னேர் பிரபு சொன்னது இது: யூதர்களுக்குத் தனி இனமாக எதுவும் தரக் கூடாது, தனிமனிதர்களாக எல்லாம் தர வேண்டும். விடுதலையும் அதன் விலையும் ஒரே வாக்கியத்தில் இருக்கின்றன.

வசைச்சொல்லாகப் பிறந்த கொள்கை

எதிர்ப்பு முதலில் வலது பக்கத்திலிருந்து வந்தது. தலைமுறைகளின் தொடர்ச்சி அறுந்தால் மனிதர்கள் ஒரு கோடையில் பிறந்து மடியும் ஈக்களாவார்கள் என்று 1790இல் எட்மண்ட் பர்க் எச்சரித்தார். சமூகத்தை அவர், வாழ்கிறவர்களுக்கும் இறந்தவர்களுக்கும் இனிப் பிறக்கப்போகிறவர்களுக்கும் இடையிலான கூட்டாண்மை என்றார். 1820களில் பிரான்ஸில் தனிமனிதவாதம் என்ற பெயரே ஒரு நோயின் பெயராகத்தான் புழக்கத்துக்கு வந்தது. கத்தோலிக்க முடியாட்சிவாதியான ஜோசஃப் த மெஸ்த்ரும் அவருக்கு நேர் எதிராக நின்ற, சோஷலிச முன்னோடி சான்-சிமோனின் சீடர்களும் அதே சொல்லால் ஒரே காலத்தைத் திட்டினார்கள்.

இந்த வசையை ஆய்வுக் கருவியாக்கியவர் அலெக்ஸி த தொக்வில். அமெரிக்க ஜனநாயகம் பற்றிய அவருடைய நூலின் இரண்டாம் பகுதி 1840இல் வெளிவந்தது. சுயநலம் மனிதனைப் போலவே பழமையானது. தனிமனிதவாதம் ஜனநாயகத்தோடு பிறந்த புதிய, அமைதியான மனப்பாங்கு என்று அவர் பிரித்தார். குடிமகன் தன் குடும்பத்தோடும் நண்பர்களோடும் ஒதுங்கிக்கொள்கிறான். பெரிய சமூகத்தை அதன் போக்கில் விட்டுவிடுகிறான். அவன் கெட்டவனாக மாறிவிடவில்லை, தனியாகிவிட்டான் என்பதே தொக்வில்லின் கவலை. தனியான மனிதனுக்கு அண்டை வீட்டாரின் உதவி கிடைக்காது. ஆகவே எல்லாவற்றுக்கும் அரசை நோக்கித் திரும்புவான். அரசும் கொடுமை செய்யாமலேயே, மென்மையாக, எல்லாவற்றையும் கவனித்துக்கொள்ளும் காவலனாக அவன் மேல் படரும். இதற்கு மாற்றாக அவர் அமெரிக்காவில் கண்டது, எதற்கெடுத்தாலும் சங்கம் அமைக்கும் பழக்கம். என் கணிப்பில், பத்தொன்பதாம் நூற்றாண்டில் இந்தப் பிரச்சினையின் நரம்பைச் சரியாகத் தொட்டவர் அவர்தான். அடிமைகளையும் பூர்வகுடிகளையும் பற்றி அதே நூலின் முதல் பகுதியில் விரிவாக எழுதியவர், அவர்கள் அந்தச் சங்கங்களுக்கு வெளியே நின்றதைத் தன் கோட்பாட்டுக்குள் கொண்டுவரவில்லை என்ற குறையும் உண்டு.

சோஷலிஸ்டுகளின் பக்கம் வந்தால் அணிப் பிரிவினை இன்னும் குலைகிறது. 1789இல் பிரெஞ்சுப் புரட்சி அறிவித்த மனித உரிமைகள், பிறரிடமிருந்து பிரிந்து நிற்கும் சுயநல மனிதனின் உரிமைகள் என்று 1844இல் வெளியான கட்டுரையில் மார்க்ஸ் தாக்கினார். நான்கு ஆண்டுகள் கழித்து, ஒவ்வொருவரின் சுதந்திரமான வளர்ச்சியே எல்லோரின் சுதந்திரமான வளர்ச்சிக்கும் நிபந்தனையாக இருக்கும் சமூகத்தை ஏங்கெல்ஸோடு சேர்ந்து கம்யூனிஸ்ட் கட்சி அறிக்கையில் எழுதினார். எது எதற்கு நிபந்தனை என்பதைக் கவனியுங்கள். ஒருவரின் வளர்ச்சி முதலில் வருகிறது. ரஷ்யப் புரட்சியாளர் மிகயில் பக்கூனினோ 1868இல், தான் பொதுவுடைமைவாதி இல்லை, கூட்டுவாதி என்று அறிவித்தார். காரணம், அன்றைய பொதுவுடைமை எல்லாவற்றையும் அரசுக்குள் கொண்டுபோய்ச் சேர்க்கிறது என்ற வெறுப்பு. கீழிருந்து எழும் சுதந்திரச் சங்கங்களின் கூட்டுடைமைதான் அவர் கேட்டது. இன்று அரசுக் கட்டுப்பாட்டின் மறுபெயராக ஆகிவிட்ட கூட்டுவாதம், அரசை ஒழிக்க நினைத்தவர்களின் கொடியாக இருந்திருக்கிறது. 1891இல் ஆஸ்கார் வைல்டு இன்னும் ஒரு படி போனார்: சோஷலிசத்தின் மதிப்பே அது தனிமனிதவாதத்துக்கு இட்டுச்செல்லும் என்பதில்தான் இருக்கிறது என்றார்.

பிரிட்டனில் சட்ட அறிஞர் ஏ.வி. டைசி, 1905இல் வெளியான தன் விரிவுரைகளில், பத்தொன்பதாம் நூற்றாண்டை மூன்றாகப் பிரித்து, நடுப்பகுதியைப் பயன்வாதத் தத்துவஞானி பெந்தமின் தனிமனிதவாதக் காலம் என்றும், 1860களுக்குப் பிந்தையதைக் கூட்டுவாதக் காலம் என்றும் பெயரிட்டார். இந்தக் காலப்பகுப்பு பல தலைமுறைகளுக்கு நிலைத்துவிட்டது. ஆனால் பெந்தமின் சீடர்களே 1834இன் ஏழைகள் சட்டத்தின் மூலம் ஒரு மைய ஆணையத்தை நிறுவி நாடெங்கும் அதிகாரிகளை அனுப்பியவர்கள். சுதந்திரச் சந்தையை உருவாக்க ஓயாத அரசுத் தலையீடு தேவைப்பட்டது என்று 1944இல் கார்ல் பொலானி வாதிட்டபோது இதையும் சான்றாகக் காட்டினார். ஜெர்மனியிலோ சோஷலிஸ்டுகளை 1878இல் தடைசெய்த பிஸ்மார்க்கே 1883இல் மருத்துவக் காப்பீட்டையும் 1889இல் முதியோர் ஓய்வூதியத்தையும் கொண்டுவந்தார். தொழிலாளியைச் சங்கத்திடமிருந்து பிரித்து அரசோடு நேரடியாகக் கட்டிப்போடுவது அதன் நோக்கங்களில் ஒன்று.

ஒரு கேப்டனும் ஓர் இராணுவமும்

இந்த வாதம் ஒரே ஒரு மனிதனின் உயிரில் வந்து நின்றது பிரான்ஸில். 1894 டிசம்பரில் இராணுவ நீதிமன்றம், யூதரான கேப்டன் ஆல்ஃபிரட் டிரைஃபஸை ஜெர்மனிக்கு உளவு சொன்னதாகத் தண்டித்து டெவில்ஸ் தீவுக்கு அனுப்பியது. டிரைஃபஸின் வழக்கறிஞருக்குக் காட்டாத இரகசியக் கோப்பு ஒன்று நீதிபதிகளிடம் கொடுக்கப்பட்டிருந்தது. 1896இல் உளவுத்துறை அதிகாரி பிக்கார், டிரைஃபஸுக்கு எதிரான சான்றாகக் காட்டப்பட்ட கடிதத்தின் கையெழுத்து வேறொரு அதிகாரியுடையது என்று கண்டுபிடித்தார். அந்த அதிகாரியான எஸ்தெரசியை 1898 ஜனவரியில் இராணுவ நீதிமன்றம் விடுவித்தது. நாவலாசிரியர் எமில் ஜோலா குடியரசுத் தலைவருக்குப் பகிரங்கக் கடிதம் எழுதினார்.

டிரைஃபஸ் எதிர்ப்பாளர்களில் புத்திசாலிகள், அவர் குற்றவாளி என்று நிரூபிக்க மெனக்கெடவில்லை. இராணுவம் சிதைந்தால் தேசம் சிதையும். ஒரு மனிதனுக்காக அதைச் சிதைக்கலாமா என்று கேட்டார்கள். விமர்சகர் ஃபெர்தினான் புருனெத்தியேர், தங்கள் அறிவை எல்லா நிறுவனங்களுக்கும் மேலாக வைக்கும் அறிவுஜீவிகளின் தனிமனிதவாதமே காலத்தின் பெருநோய் என்று எழுதினார்.

அவருக்குப் பதில் சொன்னவர் சமூகவியலாளர் எமில் துர்கைம். இவர் ஒரு யூத மதகுருவின் மகன். சமூகம் தனிமனிதர்களின் வெறும் கூட்டுத்தொகை ஆகாது என்று வாழ்நாள் முழுவதும் வாதிட்டவர். ஆகவே அவர் மறுபக்கம் நிற்பார் என்று எதிர்பார்த்தவர்கள் இருக்கலாம். அவருடைய பதிலின் அழகு, எதிராளியின் அளவுகோலையே ஏற்றுக்கொண்டு அவரை வீழ்த்தியதில் இருக்கிறது. பொதுவான நம்பிக்கை இல்லாமல் சமூகம் நிற்காது என்பது சரிதான் என்றார். ஆனால் தொழில், மதம், இனம் என்று பிரிந்துபோன நவீன மக்களுக்கு இடையே பொதுவாக எஞ்சியிருப்பது எது? மனிதர்கள் என்பது மட்டுமே. எனவே மனிதனைப் புனிதமாகக் கருதுவதுதான் இன்று தேசத்தை ஒன்றாக வைத்திருக்கும் ஒரே மதம். ஒரு நிரபராதியின் உரிமையை மிதிப்பவர்களே சமூகத்தைக் கலைக்கிறார்கள். ஸ்பென்சரும் பொருளியலாளர்களும் பேசிய சந்தைத் தனிமனிதவாதத்தோடு இதைக் கலக்கக் கூடாது என்றும் எச்சரித்தார். தனிமனித உரிமை சமூகத்துக்கு முந்தியது என்று லாக் நம்பினார். அது சமூகம் உருவாக்கிய மிக உயர்ந்த பொருள், அதனால்தான் காக்கத் தகுந்தது என்று துர்கைம் சொன்னார். டிரைஃபஸ் முழுமையாக விடுவிக்கப்பட்டது 1906இல்.

துர்கைம் இன்னொன்றையும் சேர்த்தார். ஒழுங்கமைக்கப்படாத எண்ணற்ற தனிமனிதர்களும், அவர்களை அடக்கி வைக்கும் வீங்கிப்போன அரசும் மட்டுமே கொண்ட சமூகத்தை 1902இல் அவர் ஒரு விகாரப் பிறவி என்றார். குடும்பம், குலம், சங்கம் ஆகியவற்றின் பிடியிலிருந்து மனிதனை விடுவிப்பது அரசு. அந்த அரசு தானே கொடுங்கோலாகாமல் தடுப்பது அதே இடைநிலைக் குழுக்கள். இந்த இரண்டின் மோதலில்தான் தனிமனித சுதந்திரம் பிறக்கிறது. நூறு ஆண்டு வாதத்துக்கு இவ்வளவு சுருக்கமான விளக்கத்தை வேறு எவரும் தந்ததாக எனக்குத் தெரியவில்லை.

கூட்டைக் கொன்ற கூட்டுவாதம்

இருபதாம் நூற்றாண்டு இதைக் குரூரமாகச் சோதித்துப் பார்த்தது. ரஷ்ய விவசாயிகளின் கிராமக் கூட்டமைப்பு நிலத்தைக் குடும்பங்களுக்கு அவ்வப்போது மறுபங்கீடு செய்துவந்த அமைப்பு. 1906இல் பிரதமர் ஸ்தலீப்பின், அதை உடைத்துத் தனி உழவர்களை உருவாக்கச் சட்டம் கொண்டுவந்தார். 1917க்குப் பிறகு விவசாயிகள் அதைத் தாங்களாகவே மீட்டெடுத்தார்கள். பிறகு 1929இல் ஸ்டாலின் தொடங்கிய கூட்டுப்பண்ணைத் திட்டம் வந்தது; அதன் போக்கில் 1930இல் அந்தப் பழைய கூட்டமைப்பு கலைக்கப்பட்டது. தனியுடைமை வேண்டிய அமைச்சரும் கூட்டுடைமை வேண்டிய கட்சியும் ஒரே அமைப்பைக் குறிவைத்தார்கள். 1932, 1933 ஆண்டுகளின் பஞ்சத்தில் பல இலட்சம் மக்கள் மடிந்தார்கள். கூட்டுப்பண்ணையில் இருந்தது மேலிருந்து வந்த தானியக் கொள்முதல் அளவு. கூடி முடிவெடுக்கும் உரிமை அங்கே இல்லை. தொழிற்சாலைகளை தொழிற்சங்கங்களே நடத்தட்டும் என்று கேட்ட கட்சிக்குள்ளான 'தொழிலாளர் எதிர்ப்பணி' 1921 மாநாட்டிலேயே அடக்கப்பட்டுவிட்டது. இத்தாலியப் பாசிசம், நூற்றாண்டு தனிமனிதனுடையது அல்ல, அரசினுடையது என்று அறிவித்தது. சுதந்திரத் தொழிற்சங்கங்களை ஒழித்தது. ஹிட்லரின் ஆட்சி அதையே 1933 மே 2 அன்று ஒரே நாளில் செய்தது.

1951இல் அரசியல் சிந்தனையாளர் ஹன்னா ஆரென்ட் இதற்குப் பெயர் கொடுத்தார். சர்வாதிகார இயக்கங்கள் அணுக்களாகச் சிதறிய, தனிமைப்பட்ட மனிதர்களின் பெருந்திரள் அமைப்புகள் என்றார். பக்கத்து வீட்டுக்காரனை நம்ப முடியாத மனிதனே தலைவனை முழுமையாக நம்பத் தயாராக இருப்பவன்.

ஃபிரெட்ரிக் ஹயேக், திட்டமிட்ட பொருளாதாரம் அடிமைத்தனத்துக்கு இட்டுச்செல்லும் என்று 1944இல் எழுதி உலகப் புகழ் பெற்றார். அவரைச் சந்தைவாதியாக மட்டும் அறிந்தவர்களுக்கு அடுத்த ஆண்டு டப்ளினில் அவர் ஆற்றிய உரை வியப்பளிக்கும். அதில் அவர் மெய்யான தனிமனிதவாதிகளாகக் காட்டியவர்களில் பர்க்கும் தொக்வில்லும் உண்டு. போலித் தனிமனிதவாதத்தின் பட்டியலில் ரூசோ வருகிறார். குடும்பத்தையும் சிறு சமூகங்களையும் தன்னார்வச் சங்கங்களையும் மெய்யான தனிமனிதவாதம் போற்றும் என்றும், நடுவில் இருப்பவற்றை எல்லாம் அரசுக்குள் கரைத்துவிட நினைப்பது போலி என்றும் சொன்னார். அவருடைய அரசியல் வாரிசுகள் இந்தப் பகுதியை வசதியாக மறந்தார்கள். சமூகம் என்ற ஒன்று கிடையாது, தனிமனிதர்களும் குடும்பங்களும்தான் உண்டு என்று 1987இல் மார்கரெட் தாட்சர் சொன்னார். அதற்கு முந்திய ஆண்டில்தான் அவருடைய அரசு லண்டன் பெருநகர மன்றத்தை ஒழித்திருந்தது. தொழிற்சங்கங்களின் அதிகாரத்தையும் தொடர்ச்சியாகச் சட்டமியற்றிக் குறைத்துவந்தது. லெ ஷாப்பலியேவுக்கு அந்த ஆட்சி அந்நியமாகத் தோன்றியிருக்காது.

1945இல் கார்ல் பாப்பர் செய்த ஒரு திருத்தத்தையும் இங்கே சொல்ல வேண்டும். தனிமனிதவாதத்துக்கு எதிர்ச்சொல் கூட்டுவாதம். சுயநலத்துக்கு எதிர்ச்சொல் பிறர்நலம். இந்த இரண்டு இணைகளையும் பிளேட்டோ ஒன்றாகக் குழைத்துவிட்டார் என்பது அவர் குற்றச்சாட்டு. குழுவின் பெயரால் செயல்படுபவன் மிகப் பெரிய சுயநலக்காரனாக இருக்க முடியும். குழுவை நம்பாதவன் அந்நியனுக்காக உயிரையும் கொடுக்க முடியும். இன்றைய பேச்சுகளில் பாதி, இந்த ஒரு குழப்பத்திலேயே ஓடிக்கொண்டிருக்கிறது.

குழுவிடமிருந்து காப்பது யார்?

போருக்குப் பிறகு உலக மனித உரிமைப் பிரகடனத்தை எழுத அமர்ந்தவர்களுக்குள்ளும் இந்தச் சண்டை வந்தது. லெபனானின் சார்லஸ் மாலிக், எந்த இனத்தையும் தேசத்தையும் விட மனித ஆளுமை மேலானது என்று 1947இல் வாதிட்டார். யூகோஸ்லாவியா, சோவியத் பிரதிநிதிகள் அது காலாவதியான பார்வை என்று மறுத்தார்கள். 1948 டிசம்பர் 10 அன்று ஏற்கப்பட்ட வாசகத்தில் இரண்டின் தழும்பும் தெரிகிறது. 17ஆம் பிரிவு தனியாகவும் பிறரோடு சேர்ந்தும் சொத்து வைத்திருக்கலாம் என்கிறது. 29ஆம் பிரிவு சமூகத்தில் மட்டுமே ஆளுமை முழுமையாக வளர முடியும் என்கிறது. அதற்கு ஐந்து வாரங்களுக்கு முன், நவம்பர் 4 அன்று, இந்திய அரசியலமைப்பு நிர்ணய சபையில் அம்பேத்கர், வரைவு கிராமத்தைக் கைவிட்டுத் தனிமனிதனை அலகாக ஏற்றதில் மகிழ்ச்சி என்றார். தொக்வில் சங்கத்தை ஒரு புகலிடமாகக் கண்டார். நடுவில் நிற்கும் கூட்டமே ஒருவனை நசுக்கும்போது அவன் எங்கே போவது என்ற கேள்வி அம்பேத்கருடையது. 1869இல் பெண்களின் நிலை பற்றி எழுதிய ஜான் ஸ்டூவர்ட் மில்லும் அதே கேள்வியைக் குடும்பத்தை நோக்கிக் கேட்டிருந்தார்.

தன் குடும்பம், செல்வம், நம்பிக்கை எதையும் அறியாத நிலையில் மனிதர்கள் தேர்ந்தெடுக்கும் விதிகளே நியாயமானவை என்று 1971இல் சொன்ன ஜான் ராவ்ல்ஸின் நீதிக் கோட்பாடும், 1980களில் மைக்கேல் சாண்டல் போன்றோர் எழுப்பிய மறுப்பும் கல்லூரிகளில் அதிகம் பேசப்படுபவை. குடும்பமும் மொழியும் நம்பிக்கையும் உரித்தெடுத்த பிறகு தேர்வு செய்ய ஒரு 'நான்' மிஞ்சுமா என்பதே அந்த மறுப்பின் சாரம். நியாயமான கேள்விதான், ஆனால் அதன் கூர்மை வகுப்பறையைவிட நீதிமன்றத்தில்தான் நன்றாகத் தெரிகிறது.

அமெரிக்காவின் நியூ மெக்சிகோவில் உள்ள சாந்தா கிளாரா பூர்வகுடிச் சமூகம் 1939இல் ஒரு விதி செய்தது. வெளியே மணந்த ஆணின் பிள்ளைகள் குழுவின் உறுப்பினர்கள்; வெளியே மணந்த பெண்ணின் பிள்ளைகள் உறுப்பினர்கள் அல்ல. அப்படி மணந்த ஒரு பெண், தன் பிள்ளைகளை அங்கேயே வளர்த்தவர், பாலினப் பாகுபாடு என்று வழக்குத் தொடுத்தார். 1978இல் உச்ச நீதிமன்றம், இந்த வழக்கைக் கூட்டாட்சி நீதிமன்றங்கள் விசாரிக்கச் சட்டம் இடம் தரவில்லை என்று தீர்ப்பளித்தது. யார் தன் உறுப்பினர் என்று முடிவு செய்யும் தன்னாட்சி, குடியேறிகளின் அரசிடம் ஏற்கனவே பலவற்றை இழந்த ஒரு சிறு சமூகத்துக்கு மிச்சமிருந்த அதிகாரங்களில் ஒன்று. அந்தப் பெண்ணுக்கோ, தன் சமூகத்தை விட்டு வெளியேறும் உரிமை இருந்தது. அதற்குள் சமமாக இருக்கும் உரிமைதான் இல்லை. வெளி உலகின் அழுத்தத்திலிருந்து ஒரு குழுவைக் காப்பது வேறு, தன் உறுப்பினரைக் கட்டுப்படுத்த அதற்கு அதிகாரம் கொடுப்பது வேறு என்று 1995இல் தத்துவஞானி வில் கிம்லிக்கா பிரித்துக் காட்டினார். உறுப்பினர் விதி இந்த இரண்டில் எதில் சேரும் என்று கேட்டால், இரண்டிலும் என்றுதான் சொல்ல வேண்டியிருக்கிறது. தீர்ப்பு இன்றும் மாற்றப்படாமல் நிற்கிறது.